கூடப் பொறந்த கண்ணு

எனக்கு என் தங்கைமேல் பொறாமை. இதை முதலிலேயே சொல்லிவிட்டால் மிச்சத்தைச் சொல்வது சுலபம். "அவள் முன்னுக்கு வந்ததில் எனக்குத்தான் முதல் சந்தோஷம்" என்று எழுத எனக்கும் தெரியும். அப்படி எழுதுகிறவர்களை நான் நம்புவதில்லை.

என்னைவிட ஏழு வயது சின்னவள். சென்னையில் ஓவியக் கல்லூரியில் படித்தாள். படித்துவிட்டு நாலு படம் வரைந்து கொடுத்திருந்தால் வீட்டில் மாட்டியிருப்போம். அவள் வீடியோ எடுக்கப் போனாள். கதை இருக்காது, பாட்டு இருக்காது. மனிதர்கள் அன்றாடம் செய்கிற ஏதாவது ஒரு காரியத்தை எடுத்து, அதையே திரும்பத் திரும்பக் காட்டுவாள். அதற்குப் பெயர் வீடியோ ஆர்ட். "படம் புடிக்கிறா" என்று அம்மா ஊரில் சொல்லிவைக்க, "ஈரோ யாரு?" என்று கேட்டு வராதவர்கள் இல்லை.

அவளுக்குப் பெயர் வாங்கிக் கொடுத்தது நெட்டி முறிப்பதைப் பற்றி எடுத்த வீடியோ. ஒரு குழந்தையோ கல்யாணப் பெண்ணோ கண்ணுக்கு நிறைவாக இருந்தால், நம் பெண்கள் இரண்டு கையாலும் அந்த முகத்தை மேலிருந்து கீழாக வழித்து, விரல்களை மடக்கித் தங்கள் நெற்றிப்பொட்டில் வைத்து அழுத்துவார்களே, அதுதான். சடசடவென்று விரல் முறியும். எவ்வளவு சத்தம் வருகிறதோ அவ்வளவு கண் பட்டிருக்கிறது என்று அர்த்தம், அந்தச் சத்தத்தோடு ஊரார் பொறாமை ஒழிந்தது என்றும் அர்த்தம். பொறாமையை விரட்டுகிற காரியத்தைப் படம் பிடித்து என் பொறாமையை இரண்டு மடங்காக்கியவள் என் தங்கை ஒருத்தியாகத்தான் இருப்பாள்.

ரிஷிவந்தியத்துக்குப் பக்கத்தில் எங்கள் ஊர். அப்பாவுக்குக் கரும்பு. அம்மா வீட்டு வேலை, காட்டு வேலை இரண்டும் பார்த்தாள். தங்கை அப்பாவைப் போலச் சிவப்பு. நான் அம்மாவைப் போலக் கறுப்பு. திருவிழா, கல்யாணம், பள்ளிக்கூட ஆண்டுவிழா என்று எங்கே கிளம்பினாலும், வாசற்படி தாண்டுவதற்கு முன் அம்மா அவளை நிறுத்துவாள். முகத்தை வழிப்பாள். வாய்க்குள் ஏதோ முணுமுணுப்பாள். நெற்றியில் வைத்து அழுத்தினால் பத்து விரலும் முறியும். "பாரு, எத்தினி கண்ணு!" என்று அம்மாவே ஆச்சரியப்படுவாள்.

ஒரு ஆண்டுவிழா. எனக்கும் நடனம் இருந்தது. ரோஜா நிறப் பாவாடை, ஜரிகை வைத்த தாவணி, கண்ணில் மை எல்லாம் போட்டுக்கொண்டு, தங்கைக்கு முடிந்ததும் நான் போய் அம்மா முன்னால் முகத்தை நீட்டினேன். அம்மா சிரித்தாள்.

"உன்ன யாருடி கண்ணு வெக்கப் போறா? நவுரு, நேரம் ஆவுது."

அதை அவள் திட்டாகச் சொல்லவில்லை. கொல்லையில் மாடு கட்டியிருக்கிறது என்று சொல்வதுபோலச் சொன்னாள். காக்கைக்கும் தன் குஞ்சு பொன்குஞ்சு என்பார்கள். எங்கள் வீட்டுக் காக்கைக்கு ஒன்று பொன்குஞ்சு, மற்றொன்று வெறும் குஞ்சு. அன்றைக்கு மேடையில் நான் எல்லா அடவையும் தப்பாக ஆடினேன்.

அதிலிருந்து எனக்கு வேண்டியது ஒன்றுதான். அம்மா ஒரு தடவை என் முகத்தை வழித்து நெட்டி முறிக்க வேண்டும். யாராவது கண் வைக்கிற மாதிரி நானும் இருக்கிறேன் என்று அவளுக்குத் தோன்ற வேண்டும். என் கல்யாணத்தில் அத்தைமார், பெரியம்மாமார் எல்லோரும் முறித்தார்கள். அம்மா அந்த நேரத்தில் சாம்பாரில் தண்ணீர் ஜாஸ்தி என்று சமையல்காரரோடு சண்டை போட்டுக்கொண்டிருந்தாள். மணவறையிலிருந்து எனக்கு அந்தச் சத்தம் நன்றாகவே கேட்டது.

கல்யாணத்துக்குப் பிறகு கள்ளக்குறிச்சிக்கு வந்தேன். பேருந்து நிலையத்துக்குப் பக்கத்தில், மாடியில் ஒரு பியூட்டி பார்லர் வைத்தேன். முகூர்த்த மாதங்களில் மண்டபம் மண்டபமாகப் போய் மணப்பெண் அலங்காரம் செய்வேன். விடியற்காலையிலிருந்து நின்றுகொண்டே ஒரு பெண்ணை அலங்கரித்து முடிப்பேன். கதவைத் திறந்ததும் உறவுக்காரப் பெண்கள் உள்ளே பாய்வார்கள். "எங்கண்ணே பட்டுடும் போலக் கீதே!" என்று சொல்லிக்கொண்டு, மஞ்சளும் குங்குமமும் ஒட்டிய கையால் பெண்ணின் கன்னத்தை வழித்து நெட்டி முறிப்பார்கள். நான் பார்த்துப் பார்த்துப் பூசிய பவுண்டேஷனில் இரண்டு பக்கமும் ரோடு போட்டது மாதிரி கோடு விழும். யாரும் என் பக்கம் திரும்பிக்கூடப் பார்க்க மாட்டார்கள். முகம் என் வேலை, முறிப்பது அவளுக்கு.

பொறுத்துப் பொறுத்துப் பார்த்து, கடைசியில் கதவை மறித்துக்கொண்டு நிற்க ஆரம்பித்தேன். "யக்கா, தொடாம முறிங்க! மேக்கப்பு கலைஞ்சிடும், தொடாம முறிங்க!" முதலில் கோபித்துக்கொண்டார்கள். பிறகு பழகிவிட்டார்கள். எங்கள் பக்கத்துக் கல்யாணங்களில் இப்போது பாருங்கள், முகத்துக்கு ஒரு சாண் தள்ளிக் காற்றைத்தான் வழிக்கிறார்கள். பார்லருக்கே வராத வீடுகளில்கூட இந்தப் பழக்கம் வந்துவிட்டது. அந்தப் பெருமை முழுக்க என்னுடையது.

இதைத்தான் ஒரு நாள் தங்கையிடம் ஃபோனில் சிரித்துக்கொண்டே சொன்னேன்.

"அக்கா, அத இன்னொரு தடவ சொல்லு. தொடாம எப்டி முறிக்கிறாங்க?"

வாய்ச்சொல்லுக்குப் பட்டா கிடையாது. அடுத்த முறை அவள் வந்தபோது கையில் ஒரு புதுக் கேமரா இருந்தது, கூடவே மூன்று கால் ஸ்டாண்டு, மைக்கு, ஒரு பை நிறைய பேட்டரி. நெட்டி முறிப்பதைப் பற்றி எடுக்கப்போகிறாளாம். பார்க்கிறவர்களின் முகத்துக்கு நேரே கைகள் வந்து வழித்துவிட்டுப் போக வேண்டுமாம். தொட்டும் தொடாமலும் இருப்பதுதான் அதில் விஷயமாம். என் வாயிலிருந்து வந்ததை எனக்கே பாடம் நடத்தினாள். நான் முறுக்கு எடுத்துவைத்துக் கேட்டுக்கொண்டிருந்தேன்.

கள்ளக்குறிச்சியில் பத்துப் பன்னிரண்டு பெண்களை எடுத்தாள். எல்லோரும் காற்றைத்தான் வழித்தார்கள். தொட்டு முறிக்கிற ஊர் வேண்டும் என்றாள். அப்படியானால் மேக்கப் ஏறாத மலைக்குத்தான் போக வேண்டும் என்றேன். கச்சிராயபாளையம் வழியாகப் பேருந்து பிடித்துக் கல்வராயன் மலைக்குப் போனோம். கரியாலூரில் ஒரு வீட்டு முன்னால் ஓர் அம்மாள் சாமை காயவைத்துக்கொண்டிருந்தார். தங்கை பேச்சுக் கொடுத்து, ஸ்டாண்டை நிறுத்தி, கேமராவைப் பொருத்தி, "இதுக்கு நேரா நெட்டி முறிங்கம்மா" என்றாள்.

கேமராவுக்குப் பின்னால் யாரோ இருப்பதாக நினைத்துக்கொள்ள வேண்டும் என்பது அவள் எண்ணம். அந்த அம்மாளுக்கு அது புரியவில்லை. கேமராவை ஒரு சுற்றுச் சுற்றி வந்தார்.

"புதுசா?"

"ஆமாங்கம்மா, இப்பத்தான் வாங்கினேன்."

"இத்தத் தூக்கிக்கினா பஸ்ஸுல வந்தீங்க? ஐயோ பாவமே, வழியெல்லாம் எத்தினி பேரு பாத்தானுங்களோ!"

சொல்லிவிட்டுக் கேமராவின் இரண்டு பக்கத்தையும் மேலிருந்து கீழாக, ஒரு கன்றுக்குட்டியின் முகத்தைத் தடவுவதுபோல வழித்தார். நெற்றியில் விரலை வைத்து அழுத்தினார். அந்தச் சத்தம் எதிர் வீடு வரைக்கும் கேட்டிருக்கும். "வூட்டுக்குப் போனதும் உப்பு மொளகா சுத்திப் போட்டுடுங்க" என்று வேறு சொன்னார். புது டிராக்டருக்கும் புது மோட்டாருக்கும் செய்கிற மாதிரி, புதுக் கேமராவுக்குக் கண்ணேறு கழித்துவிட்டார்.

தங்கைக்குக் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. இதுமாதிரி ஒன்றை யோசித்து எடுக்கவே முடியாது என்று வழியெல்லாம் சொல்லிக்கொண்டு வந்தாள். எனக்கும் கண்ணில் தண்ணீர்தான். ஒரு பெட்டிக்கு முறிகிறது. கடையில் வாங்கிய, ரசீது உள்ள ஒரு பெட்டிக்கு. கொண்டை ஊசி வளைவுகளில் வாந்தி வருகிறது என்று சொல்லி ஜன்னல் பக்கம் திரும்பி உட்கார்ந்துகொண்டேன்.

மறுநாள் அம்மாவை எடுக்க ஊருக்குப் போனோம். அப்பா போன பிறகு அம்மா தனியாகத்தான் இருக்கிறாள். நான் வாரத்தில் இரண்டு மூன்று தடவை ஸ்கூட்டியில் போய்ப் பார்த்துவிட்டு வருவேன். மலையில் நடந்ததைத் தங்கை சொல்லிச் சொல்லிச் சிரித்தாள். அம்மா சிரிக்கவில்லை.

"பொட்டிக்கெல்லாம் நானு முறிக்க மாட்டேன். மூஞ்சி வேணும்."

"நடிக்கிற மாதிரிதாம்மா. நான்தான் பின்னாடி இருக்கேன்ல?"

"நடிக்கிறதுக்கு வெரலு முறியுமா? மூஞ்சி வெச்சா முறிக்கிறேன், இல்லன்னா வுட்டுடு."

தங்கைக்குக் கேமராவை விட்டு நகர முடியாது. அதனால் என்னைக் கூப்பிட்டாள். ஒரு முக்காலியைப் போட்டு, லென்சுக்கு நேர் கீழே என் தலை வருகிற மாதிரி என்னை உட்காரவைத்தாள். "தலைய இன்னும் கொஞ்சம் எறக்கு அக்கா, ஃப்ரேம்ல உன் முடி வருது" என்றாள். நான் படத்தில் வரக்கூடாது, ஆனால் இருக்க வேண்டும். துணிக்கடைப் பொம்மைக்குக்கூடப் புடவை கட்டி முன்னால் நிறுத்துவார்கள்.

அம்மா என் எதிரே வந்து நின்றாள். கையைப் புடவையில் துடைத்துக்கொண்டாள். தொடாமல் முறிக்கிற கதையெல்லாம் அவளிடம் கிடையாது. இரண்டு உள்ளங்கையும் என் கன்னத்தில் அழுந்த இறங்கின. கரும்புத் தோகை கீறிக் கீறிக் காய்த்துப்போன கை. தாடை வரைக்கும் வழித்தாள். உதடு அசைந்தது. நெற்றிப்பொட்டில் வைத்து அழுத்தினாள். பத்தும் முறிந்தன.

"சூப்பர்மா! இதுதான், இதேதான்!" என்று என் தலைக்கு மேலே தங்கை கத்தினாள்.

எனக்கு நாற்பது வயது. இத்தனை வருடம் காத்திருந்தது கடைசியில் இப்படியா வந்து சேர வேண்டும்? பொன்குஞ்சு கேட்டதற்காக, பொன்குஞ்சின் படத்துக்காக, என் முகத்தை ஒரு மரக்கட்டையாக நிறுத்தி முறித்தாகிவிட்டது. வயிறு எரிந்தது என்று சும்மா சொல்வார்கள் என்று நினைத்திருந்தேன், நிஜமாகவே எரிகிறது. சாப்பிடாமல் கிளம்பிவிட்டேன். அம்மா மீன் குழம்பு வேறு வைத்திருந்தாள்.

சில மாதம் கழித்துப் புதுச்சேரியில் கண்காட்சி வைத்தார்கள். அம்மா முழங்கால் வலி என்று வரவில்லை. நான் போனேன். போகாமல் இருக்கவும் முடியவில்லை. பழைய வீடு ஒன்றில் ஒரு அறையை இருட்டாக்கி, சுவர் முழுக்க அவள் வீடியோவைப் போட்டிருந்தார்கள். நாம் போய் நிற்க வேண்டும். சுவரிலிருந்து கைகள் நம் முகத்துக்கு வரும், வழிக்கும், போகும். கள்ளக்குறிச்சிக் கைகள், கரியாலூர்க் கை, கடைசியில் அம்மாவின் கை. நின்றவர்கள் அசையாமல் நின்றார்கள். நீலக் குர்தா போட்ட ஒருவர் கண்ணை மூடி முகத்தைச் சற்று உயர்த்திக் கொடுத்தார். யார் பெற்ற பிள்ளையோ, என் அம்மாவிடம் கூசாமல் வாங்கிக்கொண்டிருந்தார். அவர் சட்டையைப் பிடித்து இழுத்து வெளியே விடலாமா என்றிருந்தது.

நன்றாகவே எடுத்திருந்தாள். அதையும் சொல்லிவிடுகிறேன். எங்கேயாவது ஒரு குறை கிடைக்காதா என்று தேடினேன், கிடைக்கவில்லை.

சுவர் ஓரத்தில் ஒரு ஹெட்போன் தொங்கியது. முறிக்கும்போது பெண்கள் வாய்க்குள் சொல்வதை மைக்கு எடுத்திருந்ததாம், வேண்டியவர்கள் கேட்கலாமாம். மாட்டிக்கொண்டேன். சின்ன வயதிலிருந்து அம்மாவின் உதடு அசைவதைத்தான் பார்த்திருக்கிறேன். என்ன சொல்கிறாள் என்று ஒரு நாளும் கேட்டதில்லை.

"ஊரு கண்ணு, ஒறவு கண்ணு, நாயி கண்ணு, நரி கண்ணு, கொள்ளிக் கண்ணு, கூடப் பொறந்த கண்ணு, எல்லாக் கண்ணும் கழிஞ்சி போவ."

மறுபடி வரும்வரை காத்திருந்து மறுபடியும் கேட்டேன். சந்தேகமே இல்லை. கூடப் பொறந்த கண்ணு.

தங்கைக்குக் கூடப் பிறந்தவள் நான் ஒருத்திதான். அப்படியானால் வாசற்படியில் அவளை நிறுத்தி நிறுத்தி அம்மா முறித்ததெல்லாம் யாருடைய கண்ணுக்கு? நாய், நரி, கொள்ளி, அதற்கு அடுத்து நான். பாவாடை தாவணியோடு பின்னால் நின்று பார்த்துக்கொண்டிருந்த என் கண்ணுக்காகத்தான் பத்து விரலும் முறிந்திருக்கின்றன. எனக்கு அவமானமாக இருந்தது. அம்மா நினைத்ததில் பொய் இல்லை என்பதால் கோபம் இன்னும் அதிகமாக வந்தது. வெளியே தங்கையைச் சுற்றிக் கூட்டம். யாரோ மாலை மாதிரி ஒரு துண்டு போர்த்தினார்கள். நான் சொல்லிக்கொள்ளாமல் விழுப்புரம் பேருந்தில் ஏறிவிட்டேன்.

மறுநாள் காலையில் நேராக அம்மாவிடம் போனேன். கொட்டகையில் சாணி அள்ளிக்கொண்டிருந்தாள். வா என்றுகூடச் சொல்ல விடாமல் ஆரம்பித்தேன்.

"கூடப் பொறந்த கண்ணுன்னா யாரு கண்ணு? என் கண்ணா? நானு கண்ணு வெச்சி உம் பொண்ணு இன்னா ஆயிட்டா? நல்லாத்தான இருக்கா?"

அம்மா கூடையைக் கீழே வைத்தாள். "இன்னாடி ஒளர்ற?"

படத்தில் கேட்டதைச் சொன்னேன். அவள் முகத்தில் குழப்பம்தான் இருந்தது, திருட்டு மாட்டிக்கொண்ட முழி இல்லை.

"அன்னிக்கு யாரு மூஞ்சிய வழிச்சேன்?"

"என்னுத."

"அப்பறம்? எந்த மூஞ்சிய வழிக்கிறனோ அதுக்குத்தான முறிக்கிறேன். உனுக்குத்தான் முறிச்சேன். உம் மூஞ்சிக்கு மேல அந்தப் பொட்டி, அதுக்கு மேல அவ, ஒத்தக் கண்ண மூடிக்கினு இன்னொரு கண்ணால எமைக்காம பாத்துக்கினு இருந்தா. அதான் சொன்னேன்."

சாணிக்கூடையின் மேல் ஈ மொய்த்துக்கொண்டிருந்தது.

"அவளுக்கு என்மேல இன்னா பொறாம?"

"ஏன், உனுக்கு இன்னா கொற? வூடு கீது, கடை கீது, தோ நெனச்சா வண்டிய எட்த்துக்கினு எங்கிட்ட வந்துடற. அவ ஒவ்வொரு தடவையும் ஊருக்குக் கெளம்பறப்ப கேப்பா, நாளைக்கு அக்கா வருவாளா உன்ன பாக்கன்னு. வருவான்னு சொன்னா மூஞ்சி சுண்டிப் போவும். பெத்தவளுக்குத் தெரியாதா?"

"அப்ப சின்னதுல ஏன் எனுக்கு ஒரு நாளும் முறிக்கல?"

அம்மா கூடையைத் தலைக்குத் தூக்கினாள். "நீ கருப்பு. கருப்புக்குக் கண்ணு படாதுன்னு நெனச்சேன். எனுக்கும்தான் எங்கம்மா முறிச்சதில்ல. நானு இன்னா செத்தா பூட்டேன்?"

குப்பைமேட்டுக்குப் போய்விட்டாள். மன்னிப்பு மாதிரி எதுவும் அவளிடம் வராது. நான் கொட்டகையில் நின்றபடி அவள் சொன்னதைத் திருப்பித் திருப்பி நினைத்தேன். பத்தும் எனக்கு முறிந்தவை. அதைவிட, என் தங்கைக்கு என்மேல் பொறாமை. என்மேல்! சந்தோஷத்தில் அன்று பார்லருக்கு வந்த இரண்டு பேருக்கு இலவசமாகப் புருவம் திருத்திவிட்டேன். ஆனால் சாயங்காலத்துக்குள் சந்தேகம் வந்துவிட்டது. அம்மா சமாதானத்துக்குச் சொன்னதாகவும் இருக்கலாம். ஊரே துண்டு போர்த்திக் கொண்டாடுகிறவளுக்கு என்னிடம் பொறாமைப்பட என்ன இருக்கிறது? அவள் முகத்தில் நான் அதை ஒரு தடவை என் கண்ணால் பார்க்க வேண்டும். பார்க்காமல் நம்ப மாட்டேன்.

பொங்கலுக்குத் தங்கை வந்தாள். மாட்டுப் பொங்கலன்று மூவரும் அம்மா வீட்டில் இருந்தோம். கரும்பைக் கடித்துத் துப்பிக்கொண்டே கண்காட்சிக் கதை சொன்னாள். அம்மாவின் கை வரும்போதுதான் எல்லோரும் அழுகிறார்களாம். "எங்கம்மா எனக்காக முறிச்சதுன்னு எல்லார்கிட்டயும் சொல்றேன்" என்றாள்.

"உனுக்கா? மூஞ்சி என்னுது" என்றேன்.

"நீ சும்மா அளவுக்குத்தான அக்கா உக்காந்த." அம்மா பக்கம் திரும்பினாள். "ஏம்மா, எனக்குத்தான முறிச்ச?"

"அக்காளுக்குத்தான் முறிச்சேன்" என்றாள் அம்மா, கொழுக்கட்டைக்கு மாவு பிசைந்துகொண்டே.

தங்கை சிரித்தாள். சிரிப்பு சரியாக வரவில்லை. கரும்பைக் கீழே வைத்தாள். கொஞ்ச நேரம் கழித்து, அம்மா பகுதியை இன்னொரு தடவை எடுத்தால் என்ன என்றாள். வெளிச்சம் போன தடவை சரியில்லையாம். சத்தம் இன்னும் பக்கத்தில் வேண்டுமாம். "இந்தத் தடவ நான் உக்காந்துக்கறேன். நீ கேமராவப் புடிச்சிக்கோ அக்கா. பட்டனை அமுக்கினா போதும்."

அவள் வாசலில் ஸ்டாண்டை விரித்துக்கொண்டிருந்தபோது நான் அடுப்படிக்குப் போனேன். அம்மா கை கழுவிக்கொண்டிருந்தாள். அவள் எதிரே தரையில் உட்கார்ந்து முகத்தை நிமிர்த்தினேன்.

"எனுக்கு ஒண்ணு முறி."

"இப்ப இன்னாடி திடீர்னு?"

"அவ வந்ததுலேர்ந்து என்னயே ஒரு மாதிரி பாத்துக்கினு இருக்கா."

அம்மாவுக்கு அது நியாயமான காரணமாகப் பட்டது. ஈரக்கையைப் புடவையில் துடைத்துக்கொண்டு என் கன்னத்தை வழித்தாள். கேமரா இல்லை, மைக்கு இல்லை, தலையை இறக்கு என்று சொல்ல ஆள் இல்லை. அடுப்படியில் நான் கேட்டு அம்மா செய்தாள். ஊரு கண்ணு, ஒறவு கண்ணு என்று எனக்குக் கேட்கிற மாதிரியே சொன்னாள். நெற்றியில் அழுத்தியதும் பத்தும் முறிந்தன, கட்டைவிரல் இரண்டு தடவை. எனக்கு அழுகை வந்தது. இந்தத் தடவை கோபத்தில் இல்லை.

முறிந்த விரல் உடனே மறுபடி முறியாது. கொஞ்ச நேரம் ஆக வேண்டும். கல்யாணப் பெண்ணுக்கு முறித்த கையோடு மாப்பிள்ளைக்கும் முறிக்கப் போய், சத்தம் வராமல் அசடு வழிந்த அத்தைகளை நான் எத்தனை மண்டபத்தில் பார்த்திருக்கிறேன். தெரிந்துதான் போய் உட்கார்ந்தேன்.

தங்கை முக்காலியில் உட்கார்ந்தாள். புதுச் சுடிதார் போட்டு, தலை வாரிக்கொண்டு வந்திருந்தாள். படத்தில் வராத முகத்துக்கு எதற்குப் பொட்டு என்று நான் கேட்கவில்லை. கேமராவில் ஒரு கண்ணை வைத்துக்கொண்டு பட்டனை அமுக்கினேன். சிவப்புப் புள்ளி எரிந்தது. அம்மா வந்து நின்றாள். தங்கையின் முகத்தை நிமிர்த்தி வழித்தாள். உதடு அசைந்தது. எந்தக் கண் வரைக்கும் வந்திருக்கிறாள் என்று எனக்கு இப்போது தெரியும். நெற்றியில் விரலை வைத்து அழுத்தினாள்.

ஒன்றும் கேட்கவில்லை.

இன்னும் கொஞ்சம் அழுத்தினாள். கையை உதறிவிட்டு மறுபடி வைத்துப் பார்த்தாள். எங்கேயோ ஒரு மாட்டின் கழுத்து மணிதான் கேட்டது.

"ஏம்மா?" தங்கையின் குரல் சின்னப் பிள்ளையுடையதுபோல வந்தது. "எனக்கு ஏன் முறியல?"

"இப்பத்தான் உள்ள அக்காளுக்கு முறிச்சிட்டு வந்தேன். அதுக்குள்ள எப்டி முறியும்?"

தங்கை மெதுவாகத் திரும்பி, தலையைத் தூக்கி என்னைப் பார்த்தாள். எக்கிப் பார்த்ததில் அவள் முகம் முழுவதும் படத்துக்குள் வந்துவிட்டது. உதட்டை உள்ளே மடித்துக்கொண்டு, மூக்கு விடைத்து, கண்ணை ஒரு இமைகூடத் தட்டாமல் வைத்திருந்தாள். அந்தப் பார்வையை நான் யாரிடமும் கேட்டுத் தெரிந்துகொள்ள வேண்டியதில்லை.

"நிறுத்து அக்கா" என்றாள்.

நான் நிறுத்தவில்லை.